டெய்லர் குடும்பமும் மணிக்குள் இருக்கும் ஐந்து சுரங்களும்

கேள்வி: தலைமுறை தலைமுறையாக ஒரே குடும்பம் ஆலய மணிகள் வார்த்த நிறுவனம் எது? அவர்களிடம் அப்படி என்ன தொழில் ரகசியம் இருந்தது?

நான் சொல்வது இங்கிலாந்தின் லஃப்பரோ ஊரில் இருக்கும் டெய்லர் மணிப் பட்டறையை. 1784-ல் ராபர்ட் டெய்லர் தொடங்கிய தொழில் அது. 1981-ல் பால் டெய்லர் இறக்கும்வரை, ஏறக்குறைய இருநூறு வருடம், அந்தக் குடும்பத்தின் கையிலேயே இருந்தது. ரகசியம் என்று கேட்டால், அவர்கள் எதையும் பூட்டி வைத்திருந்ததாக எனக்குத் தோன்றவில்லை. வெளியாள் ஒருவர் வந்து "உங்கள் மணிகளில் சுருதி சேரவில்லை" என்றபோது கோபப்படாமல் கேட்டுக்கொண்டார்கள். நான் மதிப்பது அதைத்தான்.

கோவையில் பம்ப் பாகங்கள் வார்க்கும் ஃபவுண்டரியில் பல வருடம் வேலை பார்த்தவன் நான். அந்தக் கண்ணோடு பார்த்தால் மணி வார்ப்பதில் பாதி வேலை பழகிய வேலைதான். உள்ளே ஒரு கோர் (உட்குழிவுக்கான அச்சு), வெளியே ஒரு மோல்டு (வெளி வடிவத்துக்கான அச்சு), நடுவில் உள்ள இடைவெளியில் உலோகத்தை ஊற்ற வேண்டும். மோல்டுக்கான மண்ணில் குதிரைச் சாணமும் ஆட்டுமுடியும் கலப்பது அங்கே பழைய வழக்கம். சூட்டில் அவை கருகிவிடுவதால் வாயு வெளியேற வழி கிடைக்கும். உலோகம், சுமார் 77 பங்கு செம்பும் 23 பங்கு வெள்ளீயமும் சேர்ந்த வெண்கலம். இவ்வளவு வெள்ளீயம் போட்டால் வார்ப்பு எளிதில் உடையக்கூடியதாகிவிடும், ஆனால் நாதம் நீண்டு நிற்கும். இதெல்லாம் ஐரோப்பாவில் மணி வார்த்த எல்லோருக்கும் தெரிந்ததுதான்.

செயின்ட் நியாட்ஸ், ஆக்ஸ்ஃபோர்டு என்று ஊர் மாறிக்கொண்டிருந்த குடும்பம், 1839-ல் லஃப்பரோ தேவாலயத்தின் மணிகளைத் திரும்ப வார்க்கும் வேலைக்காக அங்கே வந்து அப்படியே தங்கிவிட்டது. 1881-ல் லண்டன் செயின்ட் பால் பேராலயத்துக்காக 'கிரேட் பால்' என்ற மணியை வார்த்தார்கள். எடை கிட்டத்தட்ட 17 டன். பிரிட்டன் மண்ணில் வார்க்கப்பட்ட மணிகளில் இன்றுவரை அதுதான் பெரியது. நீராவி எஞ்சின் வண்டியில் கட்டி இழுத்து லண்டன் கொண்டுபோய்ச் சேர்க்கவே 11 நாள் ஆனது.

ஆனால் அந்தக் குடும்பத்தின் உண்மையான சாதனை எடையில் இல்லை. ஒரு மணியை அடித்தால் ஒரே நேரத்தில் பல சுரங்கள் எழும். அவற்றில் ஐந்து முக்கியமானவை. ஒன்றோடொன்று இணங்காவிட்டால் எவ்வளவு பெரிய மணியாக இருந்தாலும் காதுக்கு ஏதோ உறுத்தும். 17-ஆம் நூற்றாண்டில் நெதர்லாந்தின் ஹெமனி சகோதரர்கள் இதைப் புரிந்துகொண்டு மணிகளுக்குச் சுருதி சேர்த்தார்கள். அவர்களுக்குப் பிறகு அந்தக் கலை மறைந்துபோனது. ஆர்தர் சிம்ப்சன் என்ற பாதிரியார் 1890-களில் மணிகளின் சுரங்களை ஒவ்வொன்றாக அளந்து, இங்கிலாந்து மணிகள் ஏன் இணக்கமாக ஒலிப்பதில்லை என்று விளக்கினார். அவர் மணி வார்ப்பவர் அல்ல. நூறு வருடத்துக்கும் மேலாக இதே தொழிலில் இருந்த டெய்லர் குடும்பம், அவர் சொன்னதை ஏற்று, கடைசல் இயந்திரங்கள் வைத்து, 1896 முதல் ஐந்து சுரங்களுக்கும் தனித்தனியே சுருதி சேர்க்கத் தொடங்கியது.

அந்த வேலை எவ்வளவு கஷ்டம் தெரியுமா? தம்புரா என்றால் பிருடையைத் திருகி ஏற்றி இறக்கிக்கொள்ளலாம். மணியில் உட்புறம் உலோகத்தைச் சீவிக்கொண்டே வர வேண்டும். எந்த உயரத்தில் சீவுகிறோம் என்பதைப் பொறுத்து ஒரு சுரம் அதிகமாக இறங்கும், மற்றவையும் கொஞ்சம் நகரும். கூடுதலாகச் சீவிவிட்டால் திரும்ப ஒட்ட முடியாது. அதனால் முதலிலேயே கொஞ்சம் கனமாக வார்த்து, சீவுவதும் அடித்துப் பார்ப்பதுமாகப் போவார்கள். எங்கள் ஃபவுண்டரியில் அளவு சரியாக இருந்து, விரிசல், ஓட்டை இல்லாவிட்டால் வேலை முடிந்தது. அங்கே அதற்குப் பிறகுதான் வேலையே ஆரம்பம். சிட்னி பல்கலைக்கழகத்தில் 1928-ல் அமைந்த மணித்தொகுதி (பாட்டு வாசிக்கும்படி சுருதி சேர்த்த பல மணிகள்) வரை அவர்களைத் தேடி ஆர்டர் போனதற்கு இந்தச் சுருதிதான் காரணம் என்பேன்.

முதல் உலகப் போரில் இந்தக் குடும்பத்தின் மூன்று பிள்ளைகள் இறந்தார்கள். போரில் உயிரிழந்த ஊர்க்காரர்களின் நினைவாக 1923-ல் லஃப்பரோவில் 47 மணிகளோடு ஒரு கோபுரம் எழுந்தது. மணிகள் டெய்லர் பட்டறையில் வார்த்தவை. அவற்றில் ஆகப் பெரியது, சுமார் 4 டன் மணி, அந்த மூன்று பேர் நினைவாகக் குடும்பம் கொடுத்தது. தொழிலை எடுத்து நடத்த வேண்டியவர்களுக்காகத் தங்கள் பட்டறையிலேயே நினைவு மணி வார்ப்பது எப்படிப்பட்ட நாளாக இருந்திருக்கும்!

பால் டெய்லருக்குப் பிறகு நிர்வாகம் கைமாறியது. 2009-ல் நிறுவனம் மூடும் நிலைக்கே போய், ஆர்வலர்கள் சேர்ந்து வாங்கிக் காப்பாற்றினார்கள். 'பிக் பென்' மணியை வார்த்த லண்டன் வைட்சேப்பல் பட்டறை 2017-ல் மூடப்பட்டுவிட்டதால், பிரிட்டனில் எஞ்சியிருக்கும் பெரிய மணிப் பட்டறை இப்போது டெய்லர்தான்.

சரி, இன்றும் குடும்பமே நடத்தும் இடம் வேண்டும் என்றால் ஆஸ்திரியாவின் இன்ஸ்புருக்கில் கிராஸ்மயர் இருக்கிறது. 1599 முதல் ஒரே குடும்பம். ருமேனியாவின் புக்கரெஸ்ட் பேராலயத்துக்கு 25 டன் மணியை வார்த்துக் கொடுத்தது அவர்கள்தான்.