கைப்பற்றியது யார்?

கேள்வி: நியூயார்க்கில் ஜெர்மானியக் குடியேறிகள் கட்டிய லுத்தரன் தேவாலயம் ஒன்றை யூதர்கள் கைப்பற்றி ஜெபாலயமாக்கிவிட்டார்கள் என்கிறார் நண்பர். இதையெல்லாம் ஏன் யாரும் எழுதுவதில்லை?
– ஒரு வாசகர், திருச்சி

பதில்: எழுதாமல் என்ன? உங்கள் நண்பர் படிக்கவில்லை, அவ்வளவுதான். அவர் சொல்வது மன்ஹாட்டன் கிழக்கு 6ஆம் தெருவில் இருந்த செயின்ட் மார்க்ஸ். கட்டடம் 1840களின் கடைசியில் எழுந்தது. அந்த வட்டாரத்துக்கே அப்போது 'சின்ன ஜெர்மனி' என்றுதான் பெயர். பீர்க் கடை, பாட்டுச் சங்கம், ஜெர்மன் பத்திரிகை என்று ஊரையே பெயர்த்துக்கொண்டு வந்திருந்தார்கள்.

சரி, கைப்பற்றிய கதைக்கு வருவோம். 1904 ஜூன் 15. சபையின் வருடாந்திரப் பிக்னிக்குக்காக 'ஜெனரல் ஸ்லோகம்' என்ற நீராவிக் கப்பலை 350 டாலருக்கு வாடகை பேசினார்கள். புதன்கிழமை, ஆண்களுக்கு வேலைநாள். அதனால் ஏறியவர்களில் பெரும்பாலோர் பெண்களும் பிள்ளைகளும். ஈஸ்ட் ரிவரில் போகும்போதே முன்பக்க அறையொன்றில் தீப்பிடித்தது. ஹோஸ் பைப்பில் தண்ணீரைத் திறந்தார்கள். அந்த அழுத்தத்துக்கே பைப் வெடித்துக் கிழிந்தது. லைஃப் ஜாக்கெட்டை இழுத்தால் மக்கிய துணி கையோடு வர, உள்ளேயிருந்த தக்கை தூள்தூளாகக் கொட்டியது. அதையே பிள்ளைக்குக் கட்டித் தண்ணீரில் விட்ட தாய்மார்களின் கண்ணெதிரே பிள்ளைகள் மூழ்கினார்கள். உயிர்காக்கும் படகுகளோ கம்பியால் கட்டியபடி அசையாமல் கிடந்தன. இத்தனைக்கும் முந்தைய மாதம்தான் சோதனை அதிகாரி எல்லாம் ஒழுங்காக இருப்பதாகச் சான்று கொடுத்திருந்தார். (இந்த மாதிரிச் சான்றிதழ் நமக்கும் புதிதில்லை.) இறந்தவர்கள் 1,021 பேர். போதகர் ஹாஸ் பிழைத்தார். அவர் மனைவியும் மகளும் பிழைக்கவில்லை. கேப்டனுக்குப் பத்து வருடத் தண்டனை, மூன்றரை வருடத்தில் வெளியே வந்துவிட்டார். கப்பல் கம்பெனிக்காரர்கள் யாரும் ஜெயில் பக்கமே போகவில்லை.

காலையில் வேலைக்குப் போன எத்தனையோ ஆண்களுக்குச் சாயங்காலம் வீடு காலி. பிறகு அந்தத் தெருவில் எப்படிக் குடியிருப்பது? வசதி வந்த ஜெர்மானியர்கள் அதற்கு முன்பே வடக்கே யார்க்வில் பக்கம் போய்க்கொண்டுதான் இருந்தார்கள். இருந்தவர்களையும் இந்தத் தீ கிளப்பிவிட்டது. அக்கம்பக்கத்தில் கிழக்கு ஐரோப்பாவிலிருந்து வந்த யூதர்கள் பெருகினார்கள். 1940இல் லுத்தரன் சபை அந்த இடத்தை விட்டது, கட்டடம் ஜெபாலயமாயிற்று. விபத்து நடந்து 36 வருடம் கழித்து! இதற்குப் பெயர் கைப்பற்றலா?

செயின்ட் மார்க்ஸ் சபை இங்கே இருந்ததையும், அது ஆயிரத்துக்கு மேற்பட்டவர்களை இழந்ததையும் சொல்லும் பலகை ஒன்றை 2004இல் வைத்தார்கள். எங்கே தெரியுமா? நண்பர் குறை சொல்லும் அதே ஜெபாலயத்தின் முகப்பில்.