மாயமாய் மறைந்தவர்கள் – கடிதம்

அன்புள்ள ஐயா,

நான் தொல்லியல் முதுகலை மாணவி. மத்திய அமெரிக்காவின் மறைந்துபோன மாயா நாகரிகம் பற்றிய ஆவணப்படங்களில் தொல்லியலாளர் ஃபிரான்சிஸ்கோ எஸ்ட்ராடா-பெல்லி பேசுவதைப் பார்த்துத்தான் இந்தப் படிப்புக்கே வந்தேன். கேமரா முன் நிற்பவர் ஆய்வாளர் அல்ல, நடிகர் என்கிறார் எங்கள் பேராசிரியர். எனக்கும் அப்படிப் பேச ஆசை. தவறா? நம் மயன்தான் மாயர்களின் மூதாதை என்கிறார்களே, உண்மையா?

வி.

அன்புள்ள வி.,

மயன் கதையை முதலில் முடித்துவிடுகிறேன். இல்லை. தொல்லியல் படிக்கும் பெண் இதைக் கேட்கலாமா?

பேராசிரியர் சொன்னதையும் விட்டுத்தள்ளுங்கள். எஸ்ட்ராடா-பெல்லி 2000 முதல் குவாத்தமாலாவில் ஹோல்முல் என்ற பழைய மாயா நகரில் தோண்டுகிறவர். 2013இல் அங்கே ஒரு பிரமிடுக்குள் எட்டு மீட்டர் நீளச் சுதைச் சிற்பத்தை வெளிக்கொணர்ந்தார். வானிலிருந்து லேசர் பாய்ச்சி, காடு மறைத்த தரையை அளக்கும் லைடார் முறையில் நடந்து 2018இல் வந்த ஆய்விலும் பங்குண்டு: 2,144 சதுர கிலோமீட்டரில் 61,480 கட்டுமானங்கள். அதை நாலு பேருக்குப் புரியும்படி சொன்னால் நடிகரா?

நான் பதில் எழுதுவது வேறு காரணத்துக்காக. போன வாரம் பரண் ஒழித்தபோது ஒரு பழைய டப்பிங் ஸ்கிரிப்ட் கிடைத்தது. நிமிடத்துக்கு இவ்வளவு என்று கூலி வாங்கி, ஒரு தொலைக்காட்சிக்காக நான் தமிழாக்கியது. மாயா படம்தான். 'மாயமாய் மறைந்த மாயர்கள்' என்று எழுதியிருக்கிறேன். மோனைக்காக அன்று பாராட்டும் கிடைத்தது. அதே காட்சியில் தொகுப்பாளருக்குப் பின்னால் இரண்டு பேர் மண் சுமந்தபடி ஏதோ பேசிக்கொள்கிறார்கள். ஸ்கிரிப்டில் அந்த இடத்தில் என் கையெழுத்து: 'வேலையாட்கள் பேச்சு, தேவையில்லை.' அது மாயா மொழிகளில் ஒன்றாக இருக்கலாம் என்று எனக்குத் தோன்றவேயில்லை.

உங்கள் கடிதத்திலும் 'மறைந்துபோன'. யார் அம்மா மறைந்தது? ஒன்பதாம் நூற்றாண்டில் தெற்குத் தாழ்நிலத்து மாயா நகரங்கள் ஒவ்வொன்றாகக் காலியாயின. அவற்றில் ஒன்றான திக்காலில் கடைசியாகத் தேதி பொறித்த கல் 869இல் நின்றது. நின்றது அரசர்களின் கல். குடிகள் வேறு இடம் போனார்கள், சோளம் விதைத்தார்கள், பிள்ளை பெற்றார்கள். மாயர்களில் ஒரு பிரிவினரான இட்சாக்களின் தலைநகர் நோஹ்பெத்தேன் ஸ்பானியர்களிடம் வீழ்ந்ததே 1697இல்தான். இன்றும் சுமார் முப்பது மாயா மொழிகளில் சந்தையில் பேரம் நடக்கிறது. குவாத்தமாலாவின் உள்நாட்டுப் போரில், 1960 முதல் 1996 வரை, இரண்டு லட்சத்துக்கும் மேற்பட்டோர் கொல்லப்பட்டார்கள் அல்லது காணாமல் ஆக்கப்பட்டார்கள். அடையாளம் தெரிந்தவர்களில் 83 சதவீதம் மாயர்கள் என்றது 1999இல் வந்த உண்மை ஆணைய அறிக்கை. ஆயிரம் வருடம் முன்பே மறைந்தவர்களாம்! அந்தப் பொய்யைத் தமிழில் மோனையோடு சொன்னவன் நான். அதனால்தான் இவ்வளவு கோபம். உங்கள்மேல் பாதிதான்.

ஆசைப்படுங்கள். கேமரா முன் தாராளமாக நில்லுங்கள். மண் சுமக்கிறவரையும் பக்கத்தில் நிறுத்திப் பேச விடுங்கள். அதற்கு அவர் மொழி வேண்டும், குறைந்தபட்சம் ஸ்பானிஷாவது. கற்கத் தொடங்கிவிட்டீர்களா? கடிதத்தில் அதைப் பற்றி ஒரு வரி இல்லையே.