எலக்ட்ரானுக்குள் எத்தனை ஜூல்? - வாசகர் கேள்விகள்

கேள்வி: எலக்ட்ரானின் நிறை 9.109 × 10⁻³¹ கிலோகிராம். அதன் ஓய்வு ஆற்றலாக எனக்கு 2.73 × 10⁻²² ஜூல் வருகிறது. விடைப் பக்கத்தில் 8.19 × 10⁻¹⁴ என்று போட்டிருக்கிறார்கள். எங்கே தப்பு?

பதில்: ஓய்வு ஆற்றல் என்பது துகள் அசையாமல் இருக்கும்போதும் அதன் நிறையாலேயே இருக்கும் ஆற்றல்: நிறை × ஒளிவேகத்தின் வர்க்கம். நீங்கள் ஒளிவேகத்தை ஒரு தடவைதான் பெருக்கியிருக்கிறீர்கள். வர்க்கப்படுத்த விட்டுப்போச்சு. உங்கள் விடைக்கு அலகு எழுதிப் பார்த்திருந்தால் அங்கேயே மாட்டியிருக்கும்: கிலோகிராம் மீட்டர்/வினாடி என்பது உந்தத்தின் அலகு, ஜூல் இல்லை.

சரி, ஒழுங்காகப் போடுவோம். ஒளிவேகம் 2.998 × 10⁸. அதன் வர்க்கம் 8.988 × 10¹⁶. இதை 9.109 ஆல் பெருக்கினால் 81.87; அடுக்கு −31 + 16 = −15. இதுவரை எல்லோரும் சரியாக வந்துவிடுவார்கள். 81.87-ஐ 8.187 ஆக்கும்போதுதான் பாதிப் பேர் அடுக்கை −16 என்று எழுதுகிறார்கள். முன்னால் உள்ள எண் சிறுத்தால் அடுக்கு ஏற வேண்டும்: −14.

கேள்வி: ஜூலில் எழுதினால் போதாதா? எதற்கு எலக்ட்ரான் வோல்ட்?

பதில்: போதும், மதிப்பெண் குறையாது. ஆனால் 10⁻¹⁴ஐ வைத்துக்கொண்டு எதையும் மனசில் ஒப்பிட முடியாது. ஒரு எலக்ட்ரான் வோல்ட் என்பது 1.602 × 10⁻¹⁹ ஜூல். அதால் வகுத்துப் பாருங்கள், 5.11 லட்சம் எலக்ட்ரான் வோல்ட் வரும். அதாவது 0.511 மெகா எலக்ட்ரான் வோல்ட். எலக்ட்ரானின் கனமான உறவினரான மியூவானுக்கு 105.66, புரோட்டானுக்கு 938.27. யார் கனம், யார் லேசு என்று பார்த்ததுமே தெரிகிறதல்லவா?

கேள்வி: ஒளித்துகளான போட்டானுக்கு நிறை இல்லை. அப்படியானால் ஆற்றலும் இல்லையா?

பதில்: ஓய்வு ஆற்றல்தான் இல்லை. அதிர்வெண்ணை பிளாங்க் மாறிலியால் பெருக்குங்கள், அதன் ஆற்றல் கிடைக்கும்.

கேள்வி: இந்த 0.511 வெறும் தாள் கணக்குதானே? யாராவது கண்ணால் பார்த்திருக்கிறார்களா?

பதில்: பெட் ஸ்கேன் எடுக்கும் மருத்துவமனைகளில் தினமும் இதைத்தான் அளக்கிறார்கள். ஃபுளூரின்-18 சேர்த்த குளுக்கோஸை ஊசியில் ஏற்றுவார்கள். அதிலிருந்து வெளிவரும் பாசிட்ரான் (எலக்ட்ரானின் எதிர்த்துகள்) மில்லிமீட்டர் கணக்கில் நகர்ந்து, வேகம் குறைந்து, ஒரு எலக்ட்ரானோடு சேர்ந்து இரண்டுமே அழியும். மிச்சம் இரண்டு காமா போட்டான்கள், கிட்டத்தட்ட நேர் எதிர்த் திசைகளில். ஒவ்வொன்றும் 511 கிலோ எலக்ட்ரான் வோல்ட். உங்கள் நோட்டில் வந்த அதே எண்!

கேள்வி: நியூட்ரானுக்கும் புரோட்டானுக்கும் ஓய்வு ஆற்றல் வித்தியாசம் 1.29 மெகா எலக்ட்ரான் வோல்ட் என்கிறார்கள். எனக்கு 1.12 தான் வருகிறது. ஒளிவேகத்தை வர்க்கப்படுத்தியும் விட்டேன்!

பதில்: இந்தக் கேள்விக்காகவே உங்களுக்கு ஒரு சபாஷ். முறை சரி, இலக்கங்கள் போதவில்லை. நீங்கள் நிறைகளை (10⁻²⁷ கிலோகிராமில்) 1.675, 1.673 என்று எடுத்திருப்பீர்கள். கழித்தால் மிஞ்சுவது 0.002, அதாவது நான்கு இலக்கம் ஒன்றாகச் சுருங்கிவிட்டது. 1.67493, 1.67262 என்று எடுங்கள். வித்தியாசம் 0.00231 × 10⁻²⁷ கிலோகிராம், விடை 1.296. இன்னும் இரண்டு இலக்கம் கூட்டினால் 1.293 என்ற சரியான மதிப்புக்கு வந்துவிடும். அதிலிருந்து எலக்ட்ரானின் 0.511-ஐக் கழித்தால் 0.782. தனியாக விடப்பட்ட நியூட்ரான் சிதையும்போது புரோட்டானும் எலக்ட்ரானும் எதிர்நியூட்ரினோவும் (மின்னேற்றமில்லாத, மிக லேசான துகள்) இயக்க ஆற்றலாகப் பங்கு போட்டுக்கொள்வது இவ்வளவுதான். 1.12 என்று வைத்திருந்தால் அதுவும் 0.61 ஆகத் தப்பியிருக்கும்.