மகளுக்கு சினிமா ஆசை: நடிகர் தேர்வா, செட் வடிவமைப்பா?

உங்கள் மகள் "காஸ்டிங் டைரக்டர் ஆவேன், இல்லையென்றால் புரொடக்‌ஷன் டிசைனர்" என்கிறாள். முதலாமவர் படத்துக்கு நடிகர்களைத் தேடித் தருபவர், இரண்டாமவர் கதை நடக்கும் இடங்களையும் செட்டையும் வடிவமைப்பவர். இதெல்லாம் ஒரு வேலையா என்று கேட்டிருக்கிறீர்கள். இரண்டுமே முழுநேர வேலைதான். ஆனால் ஒன்று கிடைக்காவிட்டால் இன்னொன்று என்று மாற்றிக்கொள்ள முடியாது. இரண்டுக்கும் வேண்டிய கண் வேறு.

காஸ்டிங் டைரக்டர் திரைக்கதையைப் படித்து ஒவ்வொரு பாத்திரத்துக்கும் குறிப்பு எழுதி, ஆட்களைத் தேடி, ஆடிஷன் வைப்பார். ஆடிஷனில் எதிரே நின்று பேசும் பாத்திரத்தின் வசனத்தைப் பெரும்பாலும் அவரோ அவருடைய உதவியாளரோ படிப்பார்கள். வந்தவர் ஒருமுறை நடித்து முடித்ததும், "இதையே கோபம் இல்லாமல், அலுத்துப்போய்ச் சொல்லுங்க" என்பார். முதல் தடவை நன்றாக நடித்தாரா என்பதைவிட, இரண்டாவது தடவை மாற்றிக்கொள்ள முடிந்ததா என்பதுதான் அங்கே கணக்கு. அண்ணன் தம்பியாக வரப்போகிறவர்களைச் சேர்த்து நடிக்கவைத்தும் பார்ப்பார்கள். இவ்வளவு செய்தாலும் கடைசி முடிவு இயக்குநருடையது, தயாரிப்பாளருடையது. அப்புறம் தேதி, சம்பளம், ஒப்பந்தம் என்று நாள் முழுக்கப் போன்தான். வெளியில் பெயர் தெரிவதும் குறைவு. ஆஸ்கரிலேயே நடிகர் தேர்வுக்கென்று தனி விருது, 2025-இல் வெளியான படங்களிலிருந்துதான் தொடங்கியது.

புரொடக்‌ஷன் டிசைனரின் கதை வேறு. "ஓய்வுபெற்ற ஆசிரியரின் அறை, இரவு" என்று திரைக்கதையில் ஒரே வரி இருக்கும். சுவரின் நிறம் என்ன, சுவிட்சைச் சுற்றிக் கை பட்ட அழுக்கு எவ்வளவு, கழற்றிய படச்சட்டத்தின் வெளிறிய தடம் சுவரில் தெரிய வேண்டுமா என்று அவர் முடிவு செய்ய வேண்டும். கேமரா உள்ளே போக எந்தச் சுவரைக் கழற்றும்படி கட்டுவது, ஜன்னல் எந்தப் பக்கம் என்பதை ஒளிப்பதிவாளரோடு பேசி முடிக்க வேண்டும். பிறகு வரைபடம், மாதிரி, பட்ஜெட், தச்சர், பெயின்டர். பெரிய படங்களில் ஆர்ட் டைரக்டர் இவருக்குக் கீழே வேலை செய்வார். சிறிய படங்களில் இரண்டும் ஒரே ஆள்தான்.

படிப்பு விஷயத்தில் என் கருத்து இது. வடிவமைப்புதான் ஆசை என்றால் கட்டடக்கலை படிக்கட்டும். அளவு, பொருள், வரைபடம் மூன்றும் கைவந்துவிடும். சினிமா சரிவராவிட்டாலும் பட்டம் சோறு போடும். இன்டீரியர் டிசைன், நுண்கலை, மேடை வடிவமைப்பு படித்து வந்தவர்களும் உண்டு. காஸ்டிங்குக்கு இந்தப் பட்டம்தான் வேண்டும் என்று ஒன்றும் கிடையாது. நாடகக் குழு, விளம்பரப் படம், உதவியாளர் வேலை, இதுதான் வழி. எந்தப் பட்டம் எடுத்தாலும் கூடவே நாடகம் பார்க்கிற, நடிகர்களைக் கவனிக்கிற பழக்கம் வேண்டும்.

வருமானம் பற்றி ஒளிக்க வேண்டியதில்லை. படம் இருந்தால் சம்பளம், நடுவே சும்மா இருக்கும் மாதங்களும் வரும். ஆரம்ப வருடங்களில் வீட்டின் உதவி தேவைப்படும், அதைக் கணக்கில் வைத்துத்தான் நீங்கள் சரி சொல்ல வேண்டும். ஒன்று மட்டும் கறாராகச் சொல்லிவையுங்கள்: காஸ்டிங் டைரக்டருக்குச் சம்பளம் தருவது தயாரிப்பு நிறுவனம். நடிக்க வருகிறவரிடம் வாய்ப்புக்குப் பணம் கேட்கிற இடத்தில் உதவியாளராகச் சேர வேண்டாம், எவ்வளவு பெரிய பெயர் சொன்னாலும் சரி.

எது அவளுக்குப் பொருந்தும் என்று வீட்டிலேயே பார்க்கலாம். அவளுக்குப் பிடித்த ஒரு சிறுகதையைக் கொடுத்து, இதைப் படமாக எடுத்தால் முதலில் என்ன செய்வாய் என்று கேளுங்கள். யார் நடிப்பது என்று பேசத் தொடங்குகிறாளா, பென்சிலைத் தேடுகிறாளா என்று பாருங்கள். பென்சில் என்றால், இப்போதிலிருந்தே வரைவதையெல்லாம் தேதி போட்டுச் சேர்த்து வைக்கச் சொல்லுங்கள். உதவியாளராகச் சேரப் போகும்போது மதிப்பெண் பட்டியலுக்கு முன்னால் அதைத்தான் கேட்பார்கள்.