தியேட்டர் காலியாக இருந்தால் என் பெண்ணுக்கு வேலை இருக்காதா?

வணக்கம் ஐயா. உங்கள் கடிதம் கிடைத்தது. பள்ளிப் படிப்பை முடிக்கப்போகும் மகள் சினிமாதான் படிப்பேன் என்று நிற்கிறாள். நீங்களோ, கடைசியாகக் குடும்பத்தோடு போன படத்தில் முக்கால்வாசி இருக்கை காலி என்கிறீர்கள். "இந்தத் தொழில் இன்னும் பத்து வருஷம் தாங்குமா?" என்று கேட்டிருக்கிறீர்கள். தெரிந்தவரை சொல்கிறேன். ஆனால் அந்தப் பதில் உங்கள் மகளுக்குப் பாதிதான் உதவும். படம் ஓடுவது ஒன்று, அதில் உழைத்தவர் வீட்டில் அடுப்பு எரிவது இன்னொன்று. சினிமாவில் இந்த இரண்டுக்கும் நடுவே உள்ள தூரம் அதிகம். பெற்றோர் பலரும் முதலாவதைப் பார்த்தே இரண்டாவதை முடிவு செய்துவிடுகிறார்கள்.

முதலில் கூட்டத்தைப் பார்ப்போம். சினிமா செத்துவிட்டது என்று சொல்வது இன்று புதிதாகத் தொடங்கிய பேச்சில்லை. பிரிட்டனில் 1946-ல் விற்ற டிக்கெட்டுகள் ஏறத்தாழ 163 கோடி. தொலைக்காட்சி வந்தது, பிறகு வீடியோ கேசட் வந்தது. 1984-ல் அது 5.4 கோடிக்கு விழுந்தது. அந்த ஆண்டில் ஒரு தகப்பன் தன் பிள்ளையைச் சினிமாவுக்கு அனுப்பத் தயங்கியிருந்தால் யார் குறை சொல்ல முடியும்? ஆனால் அடுத்த ஆண்டே அங்கே பல திரை கொண்ட மல்டிபிளெக்ஸ்கள் வரத் தொடங்கின. 2018-ல் எண்ணிக்கை 17.7 கோடியைத் தொட்டது. பழைய உயரம் திரும்பவில்லை, இனித் திரும்பவும் திரும்பாது. ஆனால் தொழில் வேறு வடிவில் நிலைத்துவிட்டது.

இப்போது நடப்பதும் கிட்டத்தட்ட அதே கதைதான். 2019-ல் உலகத் திரையரங்குகளின் வசூல் 4,200 கோடி டாலருக்கும் மேல். பெருந்தொற்று ஆண்டான 2020-ல் அது சுமார் 1,200 கோடிக்குச் சரிந்தது. 2024-ல் 3,000 கோடி அளவுக்கு மீண்டிருக்கிறது. பழி முழுவதையும் தொற்றின் மேல் போட்டுவிட முடியாது. அமெரிக்கா, கனடா இரண்டிலும் சேர்த்து டிக்கெட் விற்பனை உச்சத்தைத் தொட்டது 2002-ல், சுமார் 157 கோடி. 2019-க்குள்ளேயே அது 124 கோடி அளவுக்கு இறங்கிவிட்டது. டிக்கெட் விலை ஏறிக்கொண்டே போனதால் வசூல் கணக்கில் அந்தச் சரிவு கண்ணில் படவில்லை. ரசிகர் வருவது குறைந்து பல வருடம் ஆகிறது. வரும்போது கூடுதலாகச் செலவழிக்கிறார், அவ்வளவுதான்.

அதே சமயம் மனிதர்கள் திரையைப் பார்க்கும் நேரம் குறையவே இல்லை. கையில் இருக்கும் கைபேசியே அதற்குச் சாட்சி. மாறியது என்னவென்றால், "என்ன படம் ஓடுகிறது, போய்ப் பார்ப்போம்" என்று கிளம்பும் பழக்கம் போய், "இந்தப் படத்துக்கு மட்டும் போவோம், மற்றதெல்லாம் வீட்டுக்கு வரும்" என்று ஆகிவிட்டது. முன்பு ஹாலிவுட் படம் தியேட்டரிலிருந்து வீட்டுக்கு வர சுமார் மூன்று மாதம் ஆகும். இப்போது 45 நாளுக்குள்ளேயே வந்துவிடும் படங்கள் நிறைய. இதனால் திருவிழா மாதிரி வரும் நாலைந்து பெரிய படங்களுக்குக் கூட்டம் அலைமோதுகிறது. மிகச் சின்னப் படங்கள் எப்படியோ பிழைத்துக்கொள்கின்றன. அடிபட்டது நடுத்தரச் செலவில் எடுக்கும் படங்கள். ஒரு காலத்தில் டிவிடி விற்பனைதான் அந்தப் படங்களுக்கு இரண்டாவது சம்பளம் மாதிரி இருந்தது. அது வற்றிப்போனதும் அப்படிப்பட்ட கதைகள் பெரும்பாலும் ஓடிடி தொடர்களாகிவிட்டன. சீனாவில், கைபேசியை நிமிர்த்திப் பிடித்துப் பார்க்கும் செங்குத்துக் குறுந்தொடர்கள், ஒரு பகுதி ஒன்றிரண்டு நிமிடத்தில் முடிபவை, தனித் தொழிலாகவே வளர்ந்து நிற்கின்றன. உங்கள் மகள் படித்து முடித்து வெளியே வரும்போது முதல் வேலை அப்படி ஒரு தொடரில் கிடைத்தால் அதைத் தோல்வியாக நினைக்க வேண்டாம்.

ஆக, தொழில் தாங்கும். இனி, எனக்கு உண்மையில் கவலை தரும் பக்கத்துக்கு வருகிறேன்.

2013 பிப்ரவரியில் 'லைஃப் ஆஃப் பை' படத்துக்கு விஷுவல் எஃபெக்ட்ஸுக்கான, அதாவது விஎஃப்எக்ஸ் என்று சொல்லும் காட்சி ஜாலங்களுக்கான, ஆஸ்கர் கிடைத்தது. கடலில் பையனோடு படகில் போகும் அந்தப் புலியைப் பெரும்பாலும் கணினியில் உருவாக்கியது ரிதம் அண்ட் ஹியூஸ் என்ற நிறுவனம். படம் உலகம் முழுக்க 60 கோடி டாலருக்கு மேல் வசூலித்தது. விருது விழாவுக்குச் சில நாள் முன்னால்தான் அந்த நிறுவனம் திவால் மனு கொடுத்திருந்தது. உள்ளே மேடையில் விருது வாங்கியவர் அதைப் பற்றிப் பேச ஆரம்பித்ததும் இசையைப் போட்டு நிறுத்தினார்கள். வெளியே தெருவில் நூற்றுக்கணக்கான எஃபெக்ட்ஸ் கலைஞர்கள் பதாகை பிடித்து நின்றார்கள்.

அது ஒரு முறை நடந்த விபத்து என்றும் தள்ளிவிட முடியாது. 2024 டிசம்பரில் வந்த 'முஃபாசா' படத்தின் பெரும்பாலான எஃபெக்ட்ஸ் வேலையைச் செய்தது எம்பிசி என்ற ஸ்டுடியோ. படம் 70 கோடி டாலரைத் தாண்டியது. இரண்டு மாதம் கழித்து, 2025 பிப்ரவரியில், எம்பிசியின் தாய் நிறுவனமான டெக்னிகலர் குழுமமே சரிந்தது. லண்டன், மான்ட்ரியல், பெங்களூரு, மும்பை என்று பல ஊர்களில் ஆயிரக்கணக்கானோர் திடீரென்று வேலையை இழந்தார்கள். இரண்டு இடத்திலும் வேலை செய்தவர்களின் திறமையில் ஒரு குறையும் இல்லை.

ஏன் இப்படி? எஃபெக்ட்ஸ் ஸ்டுடியோக்கள் பெரும்பாலும் மொத்த வேலைக்கும் முன்கூட்டியே ஒரு தொகை பேசிக்கொள்கின்றன. இயக்குநர் பத்து முறை மாற்றச் சொன்னாலும் தொகை அதிகம் ஏறாது, ஆனால் சம்பளச் செலவு ஏறும். போதாததற்கு, எந்த நாட்டு அரசு வரிச்சலுகை தருகிறதோ அங்கே வேலை பறந்துவிடும். லாபம் படத்துக்கு உரிமையாளரிடம் தங்கும், நஷ்டம் வேலை செய்தவன் தலையில் இறங்கும். இதை இவ்வளவு நீட்டிச் சொல்லக் காரணம் உண்டு. இன்று பெற்றோரிடம் "சினிமா நிச்சயமில்லை, ஆனால் அனிமேஷன், விஎஃப்எக்ஸ் என்றால் கம்ப்யூட்டர் வேலை, பாதுகாப்பானது" என்று சொல்லித்தான் பல பயிற்சி நிறுவனங்கள் சேர்க்கை நடத்துகின்றன. கம்ப்யூட்டர் வேலை என்பது சரி. பாதுகாப்பு என்பதை அவர்கள் எங்கிருந்து எடுத்தார்கள் என்று எனக்குப் புரியவில்லை.

அந்த வேலையில் முதல் படி என்ன தெரியுமா? பெரும்பாலும் ரோட்டோ. ஒரு காட்சியில் நிற்கும் ஆளைப் பின்னணியிலிருந்து வெட்டிப் பிரிக்க, உருவத்தைச் சுற்றிக் கோடு போட வேண்டும். நொடிக்கு 24 பிரேம், அதாவது 24 தனித்தனிப் படங்கள். ஐந்து நொடிக் காட்சி என்றால் 120 பிரேமிலும் அந்தக் கோடு ஆளோடு சேர்ந்து நகர வேண்டும். காற்றில் முடி பறந்தால் தொலைந்தது. ஒரு நாள் முழுக்க ஒரு நடிகையின் இடது காதோரத்தில் உட்கார்ந்திருப்பார்கள். இந்தப் படியைத்தான் செயற்கை நுண்ணறிவு இப்போது வேகமாக விழுங்குகிறது. விரைவாகக் கற்றுக்கொண்டு உடனே வேலைக்குப் போகலாம் என்று விளம்பரம் செய்யப்படும் வேலைகள்தான் விரைவாக மறையவும் செய்யும். பிலிம் போய் டிஜிட்டல் வந்தபோது, புரொஜக்டர் ஆபரேட்டரும் லேப் பணியாளரும் காணாமல் போகச் சில வருடமே பிடித்தது. ஆனால் எந்த இடத்தில் காட்சியை வெட்ட வேண்டும் என்று தெரிந்த எடிட்டர், கத்தரியும் டேப்பும் போய் மவுஸ் வந்த பிறகும் எடிட்டராகவே இருந்தார்.

திரைக்கதை எழுத்தாளர்கள் இந்தச் செயற்கை நுண்ணறிவு ஆபத்தை முன்பே உணர்ந்துவிட்டார்கள். 2023-ல் அமெரிக்க எழுத்தாளர் சங்கம் 148 நாள் வேலைநிறுத்தம் செய்தது. நடிகர் சங்கமும் சேர்ந்துகொண்டு 118 நாள் நின்றது. எழுத்தாளர்கள் போட்ட ஒப்பந்தத்தில், இயந்திரம் எழுதியதைப் படைப்பெழுத்தாகக் கணக்கில் எடுக்கக் கூடாது என்ற விதியும் வந்தது. உரிமை கிடைத்தது சரிதான், ஆனால் அத்தனை மாதமும் லைட் பிடிப்பவரும் வண்டி ஓட்டுபவரும் வருமானமில்லாமல் இருந்தார்கள். இந்தத் தொழிலில் மாதச் சம்பளம் என்பது அரிது. ஒரு படம் முடிந்தால் அடுத்த படம் வரும்வரை இடைவெளிதான். வேலை நேரமும் கடுமை. 2021-ல் ஹாலிவுட் தொழில்நுட்பப் பணியாளர்களில் வாக்களித்தவர்களில் 98 சதவீதம் பேர் வேலைநிறுத்தத்துக்கு ஆதரவு தெரிவித்தார்கள். அவர்கள் கேட்டவற்றில் முக்கியமான ஒன்று, ஒரு நாள் வேலை முடிந்து மறுநாள் வேலை தொடங்குவதற்குள் சரியான ஓய்வு நேரம். வேலைநிறுத்தம் இல்லாமலே பத்து மணி நேர ஓய்வு ஒப்பந்தத்தில் எழுதப்பட்டது. தூங்குவதற்கே போராட வேண்டிய தொழில் என்று மகளுக்கும் தெரியட்டும்.

பயமுறுத்துகிறேன் என்று நினைக்காதீர்கள். போகவே கூடாது என்றால் இரண்டு வரியில் எழுதி முடித்திருப்பேன்.

ஒரு வேலை செய்யுங்கள். மகளுக்குப் பிடித்த படத்தை வீட்டில் போட்டு, கடைசியில் ஓடும் பெயர்ப் பட்டியலை நிறுத்தி நிறுத்தி அவளோடு உட்கார்ந்து படியுங்கள். எல்லோரும் எழுந்து போகிற அந்தப் பகுதியைத்தான் சொல்கிறேன். இயக்கம் என்ற இடத்தில் ஒரு பெயர். கீழே சவுண்ட் எடிட்டர், காலடிச் சத்தம் போன்ற ஒலிகளை உருவாக்கும் ஃபாலி கலைஞர், காட்சிக்குக் காட்சி உடை, பொருள் மாறாமல் பார்க்கும் கன்டினியூட்டி, லொகேஷன் மேனேஜர், புரொடக்‌ஷன் அக்கவுண்டன்ட், படத்தின் நிறத்தைச் சரிசெய்யும் கலரிஸ்ட், சப்டைட்டில் என்று நூற்றுக்கணக்கான பெயர்கள். "இதில் எந்த வரியில் உன் பெயர் வந்தால் உனக்குச் சந்தோஷம்?" என்று கேளுங்கள். என்னிடம் வரும் பிள்ளைகளில் பெரும்பாலோர் முதலில் இயக்கம் என்றுதான் சொல்வார்கள். வேறு எந்த வரியும் தெரியாமல் சொல்கிறார்களா, தெரிந்தே சொல்கிறார்களா என்பதில் நிறைய வித்தியாசம் இருக்கிறது.

அப்புறம், படிப்பில் சேர்வதற்கு முன்பே மூன்று நிமிடத்தில் வசனமில்லாத ஒரு குறும்படம் எடுக்கச் சொல்லுங்கள். கைபேசி போதும். எடுத்து முடிப்பது பெரிய விஷயமில்லை. முதல் வெட்டை, அதாவது முதலில் எடிட் செய்த வடிவத்தை, யாருக்காவது காட்டி, "புரியவில்லை" என்று கேட்ட பிறகு திரும்ப உட்கார்ந்து வெட்டுகிறாளா என்று பாருங்கள். நாலாவது முறையும் அலுக்காமல் உட்கார்ந்தால் அவளுக்கு இந்தத் தொழிலுக்கான பொறுமை இருக்கிறது. உபகரணம் இல்லை என்ற காரணம் இனி செல்லாது. 2025-ல் சிறந்த அனிமேஷன் படத்துக்கான ஆஸ்கரை வாங்கிய 'ஃப்ளோ' லாட்வியாவைச் சேர்ந்த இயக்குநரின் படம், சுமார் 35 லட்சம் யூரோ செலவில் எடுத்தது. பெரிய ஸ்டுடியோ படங்களின் செலவோடு வைத்துப் பார்த்தால் அது மிகச் சிறியது. அதை உருவாக்கிய பிளெண்டர் மென்பொருளை உங்கள் மகள் இன்றிரவே இலவசமாக இறக்கிக்கொள்ளலாம்.

படிப்பு விஷயத்தில் என் சாய்வைச் சொல்லிவிடுகிறேன். ஒரே ஒரு மென்பொருளின் பெயரைத் தலைப்பில் வைத்திருக்கும் சான்றிதழ் படிப்புக்குக் கடன் வாங்காதீர்கள். முதல் வருடம் எழுத்து, கேமரா, ஒலி, எடிட்டிங் எல்லாவற்றையும் தொட வைத்து, அதன் பிறகு ஒன்றைத் தேர்ந்தெடுக்க விடும் படிப்பு நல்லது. அப்படி ஒன்று கைக்கு எட்டும் செலவில் கிடைக்காவிட்டால், அவளுக்கு வரக்கூடிய வேறொரு பட்டப்படிப்பைப் படித்துக்கொண்டே பக்கத்தில் குறும்படங்களில் வேலை செய்யட்டும். வணிகவியல் படித்த பெண்ணுக்குப் படத் தயாரிப்பில் வேலை கிடைப்பது, கேமரா மட்டும் படித்தவருக்குக் கிடைப்பதைவிடப் பல நேரம் எளிது. பட்ஜெட் போடத் தெரிந்த ஆளுக்கு எந்த யூனிட்டிலும் மரியாதை உண்டு. ஒலித் துறையையும் அவள் காதில் போட்டு வையுங்கள். அங்கே போட்டி குறைவு. படம் தியேட்டரில் வந்தாலும் கைபேசியில் வந்தாலும் சத்தம் சரியில்லையென்றால் ரசிகர் உடனே நகர்ந்துவிடுவார்.

கல்லூரியைப் பார்க்கப் போகும்போது ஸ்டுடியோவையும் கேமராவையும் காட்டுவார்கள். பார்த்துவிட்டு, மூன்று வருடம் முன் படித்து முடித்தவர்கள் இப்போது என்ன செய்கிறார்கள் என்று கேளுங்கள். புகழ்பெற்ற ஒருவரின் படத்தைச் சுவரில் காட்டினால் அவரை விட்டுவிட்டு அதே வகுப்பில் இருந்த மற்றவர்களைப் பற்றிக் கேளுங்கள். மாணவர் எடுக்கும் படத்துக்குச் செலவு யாருடையது, அந்தப் படத்தின் உரிமை யாரிடம் இருக்கும் என்பதையும் எழுத்தில் வாங்குங்கள்.

பணத்தைப் பற்றி ஒன்று. படிப்புக்கு ஒதுக்கும் தொகையில் ஒரு பங்கைத் தொடாமல் தனியாக வையுங்கள். படித்து முடித்த பிறகு வரும் முதல் ஒன்றிரண்டு வருடம்தான் பலரும் இந்தத் தொழிலை விட்டுப் போகும் காலம். வாய்ப்பு வந்திருக்கும், வாடகை கொடுக்க வழியிருக்காது. அந்த இடைவெளியைத் தாண்டக் கையில் பணம் உள்ள பிள்ளை, சம்பளம் தராத வேலையை வேண்டாம் என்று சொல்ல முடியும். கட்டணம் கட்டி அந்தத் தொகை மிஞ்சாது என்றால், அதைவிடக் கட்டணம் குறைந்த படிப்பாகப் பாருங்கள். கடன் வாங்குவதாக இருந்தால் தவணை எந்த மாதத்திலிருந்து தொடங்கும் என்பதைச் சேர்க்கைக்கு முன்பே வங்கியில் கேட்டுக்கொள்ளுங்கள். குறும்படம் தயாரானதும் அவளையே எனக்கு அனுப்பச் சொல்லுங்கள், முதல் வெட்டையும் கடைசி வெட்டையும் சேர்த்து.