வெள்ளிக்கிழமை கூட்டிப்போன தாஜ்மகால்: பணம் திரும்பக் கிடைக்குமா?

கேள்வி: பாலக்காடு மாவட்டம் கொழிஞ்சாம்பாறையில் வசிக்கும் ஓய்வுபெற்ற ஆசிரியை நான். ஜனவரி மாதம் உறவினர் வீட்டுத் திருமணத்துக்காகக் குடும்பத்துடன் டெல்லி போயிருந்தோம். அப்படியே ஆக்ராவையும் பார்த்துவிடலாம் என்று ஒரு சுற்றுலா நிறுவனத்தின் இணையதளத்தில் ஒருநாள் பயணத்துக்குப் பதிவு செய்தோம். காலையில் அங்கீகாரம் பெற்ற வழிகாட்டியுடன் தாஜ்மகால், பிற்பகலில் மதுரா அருகே மீட்கப்பட்ட யானைகளுக்கான பாதுகாப்பு மையம். அங்கே சவாரி கிடையாது, சங்கிலி கிடையாது என்று விளம்பரத்தில் இருந்தது. யானை என்றால் உயிரை விடும் என் ஒன்பது வயதுப் பேத்திக்காகவே இதைத் தேர்ந்தெடுத்தோம். ஆறு பேருக்கு 42,000 ரூபாய். கோவையில் வேலை பார்க்கும் என் மகன் தன் கார்டில் கட்டினான்.

நாங்கள் போனது வெள்ளிக்கிழமை. தாஜ்மகால் மூடியிருந்தது. யமுனையின் எதிர்க்கரையில் உள்ள மேதாப் பாக் தோட்டத்துக்குக் கூட்டிப்போய், "இங்கிருந்து பார்த்தாலும் அதே தாஜ்மகால்தான்" என்றார் ஓட்டுநர். வழிகாட்டியும் அவரேதான். பிற்பகலில் நெடுஞ்சாலையோரம் ஒரு தகரக் கொட்டகையில் இறக்கிவிட்டார்கள். இரண்டு யானைகள், காலில் சங்கிலி, நெற்றியில் சாயம். சவாரிக்கு ஆளுக்கு 1,200 ரூபாய் கேட்டார்கள். ஒரு யானையின் காதுக்குப் பின்னால் அங்குசம் குத்திய இடம் சீழ் வைத்திருந்தது. நென்மாறை வேலா கோயில் திருவிழாவுக்கு வரும் யானைகளைச் சிறு வயதிலிருந்து பார்த்தவள் நான். புதுப் புண்ணும் பழைய தழும்பும் எனக்குத் தெரியும். ஏறாமல் திரும்பிவிட்டோம்.

பணத்தைக் கேட்டால், "வெள்ளி விடுமுறை ஊரறிந்தது, தேதியைத் தேர்ந்தெடுத்தது நீங்கள், நுழைவுக் கட்டணம் 1,250 ரூபாயை வேண்டுமானால் தருகிறோம், வழக்கு என்றால் டெல்லியில்தான்" என்கிறார்கள். இணையத்தில் நான் எழுதியதை நீக்காவிட்டால் அவதூறு வழக்குப் போடுவார்களாம். நான் என்ன செய்வது?

பதில்: அம்மா, இது வெல்லக்கூடிய வழக்கு. அதற்காக நீங்கள் டெல்லி போக வேண்டியதும் இல்லை, பாலக்காட்டிலேயே நடத்தலாம். 1,250 ரூபாயை மட்டும் வாங்கிக்கொள்ளாதீர்கள். "முழுத் தீர்வாகப் பெற்றுக்கொண்டேன்" என்ற ஒரு வரிக்கு உங்களிடம் சம்மதம் வாங்கத்தான் அந்தத் தொகையை நீட்டுகிறார்கள்.

கடிதத்தோடு நீங்கள் இணைத்திருக்கும் வாட்ஸ்அப் நகல்கள்தான் இந்த வழக்கின் முதுகெலும்பு. வியாழக்கிழமை மாலை நீங்கள் நேரம் கேட்டதற்கு, "நாளை காலை 6.30 மணிக்கு வண்டி வரும், 10.30 மணிக்கு தாஜ்மகால் உள்ளே இருப்பீர்கள்" என்று பதில் அனுப்பியிருக்கிறார்கள். தாஜ்மகால் வெள்ளிக்கிழமைகளில் பார்வையாளர்களுக்குக் கிடையாது. வளாகத்துக்குள் இருக்கும் மசூதியில் அன்று பிற்பகல் உள்ளூர் மக்கள் தொழுகை நடத்துவார்கள். இது நேற்று வந்த விதி இல்லை. ஆக்ராவுக்கு ஆள் கூட்டிப்போவதே தொழிலாக உள்ளவர்களுக்கு இது தெரியாது என்று எந்த நுகர்வோர் ஆணையமும் நம்பாது. ஊரறிந்த செய்தி என்று அவர்களே எழுதிக் கொடுத்துவிட்டார்கள்; தெரிந்தும் உங்களிடம் மறைத்தோம் என்பதற்கு அதைவிட நல்ல ஒப்புதல் வேறு வேண்டாம். அந்த மின்னஞ்சலைப் பத்திரமாக வையுங்கள். தேதியைத் தேர்ந்தெடுத்தது நீங்கள்தான், சரி. அந்த வெள்ளிக்கிழமையைப் பதிவுக்குத் திறந்து வைத்ததும், பணம் வாங்கியதும், முந்தின நாள் உறுதி செய்ததும் அவர்கள் அல்லவா?

2019ஆம் ஆண்டின் நுகர்வோர் பாதுகாப்புச் சட்டம் இதைச் சேவைக் குறைபாடு என்றும் நேர்மையற்ற வணிக நடைமுறை என்றும் பார்க்கும். முக்கியமான தகவலை வேண்டுமென்றே மறைப்பதும் குறைபாடுதான் என்று அந்தச் சட்டமே சொல்கிறது. அங்கீகாரம் பெற்ற வழிகாட்டி என்று சொல்லிவிட்டு ஓட்டுநரையே அந்த வேலைக்கும் விட்டதும் இதில் அடங்கும். வழிகாட்டியின் பெயரையும் அடையாள அட்டை எண்ணையும், நிறுவனத்துக்கு நீங்கள் அனுப்பப்போகும் நோட்டீஸில் கேளுங்கள்.

1,250 ரூபாய் எப்படி வந்தது என்று பாருங்கள். இந்தியர்களுக்கு தாஜ்மகால் நுழைவுக் கட்டணம் 50 ரூபாய், கல்லறை மண்டபத்துக்குள் போக இன்னும் 200 ரூபாய். உங்கள் பேத்திக்கு டிக்கெட் தேவையில்லை, 15 வயதுக்கு உட்பட்டவர்களுக்கு இலவசம். மீதி ஐந்து பேருக்கு 1,250. மூடியிருக்கும் நாளுக்கு டிக்கெட் வாங்கியிருக்கவே முடியாது. ஆகவே தாங்கள் செலவே செய்யாத பணத்தைப் பெருந்தன்மையாகத் திருப்பித் தருவதுபோல் காட்டுகிறார்கள். நீங்கள் 42,000 ரூபாய் கொடுத்தது டிக்கெட்டுக்கு அல்ல, அந்த நாளுக்கு. வண்டி ஓடியது, டீசல் செலவானது என்று அவர்கள் வாதிடுவார்கள். பூட்டிய வாசலைப் பார்க்கவும் சங்கிலியில் கட்டிய யானையைப் பார்க்கவும் யாரும் வண்டி பிடித்து ஆக்ரா போவதில்லை என்பதுதான் நம் பதில். ஆணையம் வண்டிச் செலவுக்கென்று ஒரு பகுதியைக் கழித்தாலும் கழிக்கலாம். அதற்கு மனதைத் தயாராக வைத்துக்கொண்டு முழுத் தொகையையும் கேளுங்கள்.

யானை விஷயத்தை உங்கள் கடிதத்தில் ஓரமாக வைத்திருக்கிறீர்கள். மனுவில் அப்படிச் செய்யாதீர்கள். பேத்திக்காக இந்தப் பயணத்தைத் தேர்ந்தெடுத்தோம் என்கிறீர்களே, அப்படியானால் உங்களைப் பணம் கட்டவைத்ததே அந்த வாக்குறுதிதான். மதுரா மாவட்டம் சுர்முராவில் வைல்ட்லைஃப் எஸ்ஓஎஸ் என்ற அமைப்பு 2010 முதல் யானைகள் பாதுகாப்பு மையம் ஒன்றை நடத்துகிறது. சர்க்கஸிலும் பிச்சையெடுப்பிலும் சவாரியிலும் இருந்து மீட்கப்பட்ட யானைகள் அங்கே இருக்கின்றன. சவாரி கிடையாது, முன்பதிவு செய்துதான் போக முடியும். அந்த வட்டாரத்தில் மீட்கப்பட்ட யானைகள் என்று விளம்பரம் செய்தால் பலருக்கும் நினைவுக்கு வருவது இந்த மையம்தான். அந்த மையத்துக்கு ஒரு மின்னஞ்சல் எழுதி, அன்றைய தேதியில் உங்கள் பெயரிலோ அந்த நிறுவனத்தின் பெயரிலோ ஆறு பேருக்கு முன்பதிவு இருந்ததா என்று கேளுங்கள். இல்லை என்று பதில் வந்தால், அங்கே கூட்டிப்போகும் எண்ணமே நிறுவனத்துக்கு இல்லை என்பதற்கு அது வலுவான சான்று. வேறொரு மையம் என்று நிறுவனம் சொல்லுமானால், அதன் பெயரையும் முன்பதிவுச் சீட்டையும் அவர்கள்தான் காட்ட வேண்டும்.

இனி, எங்கே வழக்குப் போடுவது என்பது. எதிர்தரப்பு எங்கே இருந்தாலும், புகார்தாரர் வசிக்கும் மாவட்டத்திலேயே மனு செய்யலாம் என்று 2019ஆம் ஆண்டுச் சட்டத்தின் 34ஆம் பிரிவு சொல்கிறது. பழைய 1986ஆம் ஆண்டுச் சட்டத்தில் இந்த வசதி இல்லை. எத்தனையோ பேர் வண்டிச் செலவுக்குப் பயந்தே வழக்கைக் கைவிட்டார்கள். "டெல்லி நீதிமன்றங்களுக்கு மட்டுமே அதிகாரம்" என்று நிறுவனம் தன் நிபந்தனைகளில் அச்சடித்துக்கொள்வதால் சட்டம் கொடுத்த இந்த உரிமை போய்விடாது. தகராறை நீதிமன்றத்துக்கு வெளியே ஒரு நடுவரிடம்தான் (ஆர்பிட்ரேஷன்) தீர்க்க வேண்டும் என்ற நிபந்தனை இருந்தாலும் கவலை வேண்டாம். அது நுகர்வோர் ஆணையத்தின் கதவை அடைக்காது என்பதை 2018 டிசம்பரில் உச்ச நீதிமன்றம் உறுதி செய்துவிட்டது.

பணம் கட்டியது மகன், மனு போடுவது நீங்கள் என்பதிலும் தடையில்லை. பணம் கொடுத்தவரின் சம்மதத்தோடு சேவையைப் பெற்றவரும் நுகர்வோர்தான். ஆனாலும் மகனிடம் ஒரு பிரமாண வாக்குமூலம் வாங்கி, கார்டு கணக்கு விவரத்தோடு இணைத்துவிடுங்கள். பின்னால் ஒரு ஆட்சேபணைக்கு இடம் வைக்க வேண்டாம். அதே கையோடு, கார்டு வழங்கிய வங்கியிடமும் பணத்தைத் திரும்பக் கேட்டு மகன் இன்றே எழுதட்டும். அதற்கான காலக்கெடு குறுகியது.

பாலக்காடு மாவட்ட நுகர்வோர் குறைதீர் ஆணையத்தில், கொடுத்த தொகை ஐந்து லட்சம் வரை என்றால் மனுவுக்குக் கட்டணமே இல்லை. சம்பவம் நடந்து இரண்டு ஆண்டுகளுக்குள் தாக்கல் செய்ய வேண்டும். நுகர்வோர் வழக்குகளுக்கான அரசின் இ-ஜாக்ரிதி இணையதளம் வழியாக வீட்டிலிருந்தே தாக்கல் செய்யலாம். வீடியோ வழி விசாரணை கேட்டும் மனு கொடுக்கலாம். வக்கீல் கட்டாயமில்லை, தெளிவாக எழுதத் தெரிந்த உங்களுக்கு உண்மையிலேயே தேவையும் இல்லை. கேரளத்தில் தமிழ்ச் சிறுபான்மையினராக அறிவிக்கப்பட்ட பகுதிகளில் அரசு அலுவலகங்களுக்குத் தமிழில் எழுதும் உரிமையை 1969ஆம் ஆண்டின் ஆட்சிமொழிச் சட்டம் உங்களுக்குத் தந்திருக்கிறது. ஊராட்சி, தாலுகா அலுவலகங்களில் அதை விட்டுக்கொடுக்காதீர்கள். இந்த மனுவை மட்டும் ஆங்கிலத்தில் எழுதுங்கள். டெல்லிக்காரர்கள் "எங்களுக்குப் புரியவில்லை, மொழிபெயர்ப்பு வேண்டும்" என்று வாய்தா வாங்க அது இடம் தராது.

எவ்வளவு கேட்பது? பயணத் தொகை முழுவதும், அதற்கு வட்டி, மன உளைச்சலுக்கு நியாயமான ஒரு தொகை, வழக்குச் செலவு. கோவையிலிருந்து டெல்லிக்கான விமானக் கட்டணத்தைச் சேர்க்க வேண்டாம். நீங்கள் போனது திருமணத்துக்கு. அதை நிறுவனம் இரண்டே கேள்வியில் நிரூபித்துவிடும், பிறகு நீங்கள் சொல்லும் மற்ற உண்மைகளின் மேலும் நிழல் விழும். பத்து லட்சம், இருபது லட்சம் என்று எழுதித் தரும் ஆலோசகர்களிடம் போகாதீர்கள்.

முதலில் ஒரு நோட்டீஸ் அனுப்புங்கள். சட்டம் கட்டாயப்படுத்தவில்லை, ஆனால் பல வழக்குகள் அங்கேயே முடிகின்றன. பதினைந்து நாள் அவகாசம் கொடுத்து, ஸ்பீட் போஸ்டிலும் மின்னஞ்சலிலும் அனுப்பி, சேர்ந்ததற்கான விவரத்தை அச்செடுத்து வையுங்கள். படங்களையும் வாட்ஸ்அப் உரையாடலையும் தொலைபேசியிலிருந்து அழித்துவிடாதீர்கள். அச்செடுத்த நகல்களோடு, 2023ஆம் ஆண்டின் சாட்சியச் சட்டம் 63ஆம் பிரிவு மின்னணு ஆதாரங்களுக்குக் கேட்கும் சான்றிதழையும் சேர்த்துவிட்டால் பிற்பாடு தகராறு வராது. மனு போனபின் பதில் தாக்கல் செய்ய நிறுவனத்துக்கு 30 நாள், அதற்குமேல் ஆணையம் தரக்கூடியது 15 நாள்தான். அதைத் தாண்டினால் பதிலை ஏற்க முடியாது என்று 2020இல் உச்ச நீதிமன்றத்தின் அரசியல் சாசன அமர்வு தீர்ப்பளித்திருக்கிறது. பெரும்பாலும் இப்படிப்பட்ட நிறுவனங்கள் எட்டிக்கூடப் பார்க்காது. அவர்கள் வராமலேயே உத்தரவு வரும். உத்தரவு வந்தும் பணம் தராவிட்டால் அதே ஆணையத்தில் நிறைவேற்று மனு போடுங்கள். 72ஆம் பிரிவின்படி ஒரு மாதம் முதல் மூன்று ஆண்டு வரை சிறை, அல்லது 25,000 ரூபாய்க்குக் குறையாத அபராதம், அல்லது இரண்டும். தீர்ப்பைப் பிரேம் போட்டுச் சுவரில் மாட்டிவிட்டு இந்தக் கடைசிப் படியில் சோர்ந்துபோகிறவர்கள்தான் அதிகம். நீங்கள் சோரக் கூடாது.

அவதூறு மிரட்டலுக்குப் பயப்பட வேண்டாம். பொது நன்மைக்காகச் சொன்ன உண்மைக்கும், தன் நலனைக் காக்க நல்லெண்ணத்தோடு சொன்னதற்கும் பாரதிய நியாய சன்ஹிதா என்ற குற்றவியல் சட்டத்தின் 356ஆம் பிரிவே விலக்களிக்கிறது. ஆனால் உங்கள் பதிவில் "திருட்டுக் கும்பல்" என்று இரண்டு இடத்தில் எழுதியிருக்கிறீர்கள். அதை மட்டும் எடுத்துவிடுங்கள். கண்ணால் பார்த்ததும் கையில் ஆதாரம் உள்ளதும் அப்படியே இருக்கட்டும்.

அந்த விளம்பரம் இன்னும் இணையத்தில் ஓடுகிறது என்றால், பாலக்காடு மாவட்ட ஆட்சியருக்கும் ஒரு புகார் எழுதுங்கள். மக்களை ஏமாற்றும் விளம்பரங்களைப் பற்றி ஆட்சியரிடம் புகார் செய்ய நுகர்வோர் பாதுகாப்புச் சட்டம் வழி செய்கிறது. மத்திய நுகர்வோர் பாதுகாப்பு ஆணையம் அதற்குப் பத்து லட்சம் ரூபாய் வரை தண்டம் விதிக்கலாம்.

கடைசியாக, அந்த இரண்டு யானைகள். உங்கள் பணம் திரும்பி வந்தாலும் அவை அதே கொட்டகையில்தான் நிற்கும், ஆகவே இதைத் தனியாகச் செய்யுங்கள். விலங்குவதைத் தடுப்புச் சட்டம் 1960இல் வந்தது. ஒரு விலங்கை வதைத்தவருக்கு முதல் குற்றத்துக்கு அபராதம் பத்து ரூபாய் முதல் ஐம்பது ரூபாய் வரை என்று அதன் 11ஆம் பிரிவு இன்னமும் சொல்கிறது. சவாரிக்கு 1,200 ரூபாய் வாங்குகிறவனுக்கு ஐம்பது ரூபாய் அபராதம் என்ன செய்யும்? இதைப் படிக்கும்போதெல்லாம் எனக்குக் கோபம் வருகிறது. ஆகவே புகாரை அந்தப் பிரிவோடு நிறுத்தாதீர்கள். யானை 1972ஆம் ஆண்டின் வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டத்தில் முதல் அட்டவணையில் இருக்கும் விலங்கு. முறையான உரிமைச் சான்று இல்லாமல் அதை வைத்திருப்பது குற்றம். கொட்டகை உள்ள மாவட்டத்தின் கோட்ட வன அலுவலருக்கு எழுதி, அந்த யானைகளுக்கு உரிமைச் சான்று இருக்கிறதா, எந்த மாநிலத்திலிருந்து எந்த அனுமதியில் வந்தன, கால்நடை மருத்துவர் கடைசியாக எப்போது பார்த்தார் என்று கேளுங்கள். ஹரியானாவின் பல்லப்கரில் இருக்கும் இந்திய விலங்கு நல வாரியத்துக்கு ஒரு நகல் அனுப்பி, காட்சி விலங்குகளாக அவை பதிவு செய்யப்பட்டிருக்கின்றனவா என்றும் கேளுங்கள். காதுக்குப் பின்னால் புண் தெரியும் படமும், எடுத்த இடமும் நேரமும் அதோடு போகட்டும். இதற்குக் கட்டணம் இல்லை, நீங்கள் பாதிக்கப்பட்டவராக இருக்க வேண்டியதும் இல்லை. யார் வேண்டுமானாலும் எழுதலாம். புண் ஆறுவதற்குள் மருத்துவர் போய்ப் பார்த்தால்தான் பதிவாகும். ஆகவே நோட்டீஸுக்குக் காத்திருக்காமல் இந்தக் கடிதத்தை முதலில் அனுப்புங்கள்.