எடிட்டர் வேலைன்னா வெட்டி ஒட்டுறது மட்டும்தானா?

"எங்க தம்பி வீடியோ எடிட்டிங்தான் படிப்பேன்னு நிக்கிறான், சாப்ட்வேர் தெரிஞ்சா போதுமா, அதுல அப்படி என்ன இருக்கு"ன்னு கேட்டிருக்கீங்க. சாப்ட்வேர் 3 மாசத்துல வந்துரும்லா. மத்தது வர வருசக்கணக்காகும்.

நான் மலேசியால சுங்கை சிப்புட் பக்கம் ரப்பர் தோட்டத்துல பொறந்தவன். கல்யாண வீடியோல ஆரம்பிச்சு, கேஎல்ல, அதான் கோலாலம்பூர்ல, ஒரு எடிட்டர்கிட்ட 2 வருசம் அசிஸ்டெண்டா இருந்தேன். சம்பளம் ரூம் வாடகைக்கே சரியா போயிரும். ஒரு கட் கூட நான் போட்டதில்ல, ஷூட் பண்ண புட்டேஜ ரெண்டு ஹார்ட் டிஸ்க்ல காப்பி பண்றது, கிளாப் சத்தத்த வச்சு படத்தையும் ஆடியோவையும் சேக்குறது, எந்த டேக் நல்லாருக்குன்னு எழுதி வைக்கிறது, இதேதான். ஆனா எல்லா டேக்கையும் பாத்து பாத்துதான் கண்ணு பழகுச்சு.

அப்புறம் ஒரு டிவி நாடகம் தனியா கெடச்சுச்சு. அதுல ஒரு அம்மா விடிகாலைல ரப்பர் மரத்துல பால் வெட்டுற சீன், ஒன்றரை நிமிசம் எடுத்திருந்தாங்க. இழுக்குதேன்னு 6 செகண்டுக்கு கொறச்சேன், உளி மரத்துல படுது, முகம், உடனே அடுத்த மரம். பாக்க அழகாத்தான் இருந்துச்சு. வீட்டுக்கு போனப்ப எங்கம்மாகிட்ட போட்டு காட்டுனேன், 30 வருசம் பால் வெட்டுனவங்க.

"ஏன்யா, நேத்து வெட்டுன கோட்டுல காஞ்ச ஒட்டுப்பால உரிக்காமலா உளிய வைக்கிறா? பால் பீலிக்கே வரல, அதுக்குள்ள எங்க ஓடுறா?"

நடிகை ஒட்டுப்பால உரிச்சுத்தான் நடிச்சிருந்தாங்க, வேணாம்னு தூக்குனது நான். மனசு கேக்கல, அன்னிக்கு ராத்திரியே திரும்ப உக்காந்தேன். உரிக்கிறதுலேர்ந்து, பால் கோட்டு வழியா சாய்வா எறங்கி பீலிக்கு, அதான் பால் வழியுற சின்ன தகரத்துக்கு வந்து, கீழ இருக்குற மங்கு கிண்ணத்துல மொத சொட்டு விழுற வரைக்கும் வெட்டாம விட்டேன். சொட்டு விழுந்து 8 பிரேம் கழிச்சு கட், பிரேம்னா வீடியோல ஒரு ஒத்த படம். நம்ம டிவிக்கு செகண்டுக்கு 25 பிரேம், அப்ப 8ங்கறது கண்ணு சிமிட்டுற நேரம்தான், ஆனா 4 வச்சப்ப அந்த சொட்டு மனசுல நிக்கல, 12 வச்சப்ப இழுத்துச்சு. அடுத்த சீன் அவங்க மக ஸ்கூலுக்கு கெளம்புறது, அந்த வீட்டு ரேடியோ சத்தத்த மரம் தெரியுறப்பவே ஆரம்பிச்சு விட்டேன், ஜே கட்னு சொல்வாங்க. கை மரத்துல இருந்தாலும் நெனப்பு வீட்டுலதான்னு அதுலயே புரிஞ்சிருச்சு, டைரக்டர் அங்க இருந்த வசனத்தையே எடுத்துட்டாரு.

தமிழ் சினிமா எடிட்டருங்க லெனின் சார், விஜயன் சார்லாம் பிலிம கையில புடிச்சு வெட்டி ஒட்டுன காலத்துலேர்ந்து வந்தவங்க. 35 எம்எம்ல ஒரு அடிக்கு 16 பிரேம், தப்பா வெட்டுனா அந்த துண்ட தேடி எடுத்து திரும்ப ஒட்டணும். அதனால மொதல்ல யோசிப்பாங்க, அப்புறம்தான் வெட்டுவாங்க. இப்ப ஒரு பட்டன்ல எல்லாம் திரும்ப வந்துருது, அந்த யோசனைய நாமளாதான் பழகிக்கணும்.

தம்பிய கோர்ஸுக்கு காசு கட்ட விடுறதுக்கு முன்னாடி, உங்க பாட்டி தோச சுடுறத போன்ல எடுத்து ஒரு நிமிசத்துக்கு வெட்ட சொல்லுங்க. வெட்டிட்டு பாட்டிகிட்டயே காட்டட்டும். கல்லுல எண்ணெய் தடவுறத விட்டிருந்தா அவங்களே கேப்பாங்க.